அட்டையைப் பிடித்த கை

“யாரும் பாக்காதப்போ இந்த வயல் பச்சையாவே இருக்குமாம்மா?”

மகள் ஒருநாள் அப்படிக் கேட்டாள். வரப்பில் கேமராவுக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து, படத்துக்குள் தன் தலை வந்துவிடாதபடி குனிந்துகொண்டு, சாம்பல் நிற அட்டை ஒன்றை ஒற்றைக் கையால் லென்ஸுக்கு நேராகத் தூக்கிப் பிடித்திருந்தாள். அம்மாவுக்குப் பதில் யோசிக்க நேரமில்லை. மேகம் விலகப் போகிறது, விலகினால் வெளிச்சம் மாறிவிடும்.

“உன்னைக் கேட்டுட்டு முடிவு பண்ணும். அட்டையை ஆட்டாத.”

ஒரு வயல், அதை ஒட்டிய குளம், நடுவே ஒரு மண்பாதை. இந்த நிலம் ஓர் ஆண்டில் என்னென்ன நிறமெல்லாம் உடுத்துகிறது என்பதுதான் அம்மா எடுத்துக்கொண்டிருந்த குறும் ஆவணப்படம். பேட்டி கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது. காலையில் மஞ்சள் கலந்து சிரிக்கும் பச்சை, உச்சிவெயிலில் வெளுத்துச் சோர்ந்துவிடும் பச்சை, பாதையோரத்தில் புழுதி மூடிய பச்சை. காய்ந்த மண்ணில் விழும் நிழல் கறுப்பல்ல, லேசான ஊதா என்பதை அவள் அங்கே உட்கார்ந்து உட்கார்ந்துதான் கண்டுகொண்டாள்.

நிறத்தோடு வேலை செய்பவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொரு காட்சியின் தொடக்கத்திலும் அந்த அட்டையைச் சற்று நேரம் கேமராவின் முன்னால் காட்ட வேண்டும். எந்த நிறமும் கலவாத சுத்தமான சாம்பல் அது. பிறகு நிறம் திருத்தும் அறையில் அந்தச் சாம்பலைச் சாம்பலாகவே தெரியும்படி செய்துவிட்டால், மற்ற நிறங்கள் தாமாகத் தத்தம் இடத்துக்கு வந்து சேரும். விடுமுறை முழுவதும் அட்டையைப் பிடித்தவள் மகள், அந்த வீட்டின் சின்னவள்தான். பிடித்து முடித்ததும் உள்ளங்கையை விரித்து நீட்டுவாள்.

“கூலி.”

அம்மா அந்த உள்ளங்கையில் ஒரு முத்தம் வைப்பாள். சின்னவள் அதை இறுக மூடி, தப்பி ஓடிவிடாமல் சட்டைப் பைக்குள் பத்திரப்படுத்துவாள். விளையாட்டுத்தான். ஆனால் அந்த வீட்டில் அது ஒரு சட்டமும்கூட. வழி சொன்னவரானாலும் ஒரு வாய் தண்ணீர் தந்தவரானாலும், கை நீட்டி உதவியவரை வெறுங்கையோடு அனுப்பக் கூடாது. கடவுள் கணக்கு வைத்துக்கொள்வாரோ இல்லையோ, மனம் வைத்துக்கொள்ளும் என்று அம்மா நம்பினாள்.

பள்ளி திறந்தது. அதற்குப் பிறகு அவள் தனியாகப் போனாள். முக்காலி ஒரு தோளில், பை மறு தோளில். பஸ்ஸில் நின்றுகொண்டே தூங்கக் கற்றுக்கொண்டாள். முழங்கால் வலித்தது. கேமராவை நிறுத்திப் பொத்தானை அழுத்திவிட்டு மரத்தடிக்குப் போய்க் கண்ணை மூடிக்கொள்வாள். காட்சி அது பாட்டுக்கு ஓடும். அட்டை பையிலேயே கிடக்கும், இல்லாவிட்டால் வரப்புக் கல்லின் மேல் கிடக்கும். யாருமில்லாத சமையலறையில் நின்று “இந்தப் பாத்திரத்தை யாராவது கழுவக் கூடாதா” என்று அலுத்துக்கொள்வது போல, வெறும் வயலைப் பார்த்து அவள் சொன்னதுண்டு.

“யாராவது அதைக் கொஞ்சம் பிடிங்களேன்.”

எங்கே எங்கே நின்று அப்படிச் சொன்னாள் என்பது அவளுக்கு நினைவில்லை. எல்லா இடத்திலும் சொல்லியிருப்பாள்.

*

நிறம் திருத்தும் அறையில் நிறம் இருக்கக் கூடாது. சுவர் சாம்பல், தரைவிரிப்பு சாம்பல், ஜன்னலில் கனத்த கறுப்புத் திரை. குளிர்சாதனத்தின் ஒரே சீரான இரைச்சல், அதன் குளிரில் ஊறிப்போன பழைய துணியின் வாடை. திரைக்கு முன்னால் பூதக்கண்ணாடி உட்கார்ந்திருந்தான். ஒரு புள்ளி நிறம் பிசகினாலும் மூக்கு திரையில் முட்டும் அளவுக்குக் குனிந்து பார்ப்பதால் அவனுக்கு அந்தப் பெயர்.

“கடைசியா எடுத்ததுல எல்லாம் அட்டை இருக்காது தம்பி” என்றாள். “களைப்புல விட்டுட்டேன். கண்ணால பாத்து ஒப்பேத்திடு.”

“இருக்கே அக்கா. எல்லாத்துலயும் இருக்கு.”

அவள் நிமிர்ந்தாள். திரையில் வயல். நடுவில் அட்டை. அட்டையின் கீழ் விளிம்பில் ஒரு கட்டை விரலும், சட்டகத்தின் அடிப்பகுதியில் ஒரு மணிக்கட்டும்.

“சின்னக்குட்டி கைதானே? உங்களைவிட அவதான் வேலையில ஒழுங்கு.”

அவளும் சிரித்து வைத்தாள். சின்னவளாகத்தான் இருக்கும். ஏதோ ஒரு சனிக்கிழமை அழைத்துப் போயிருப்போம். யோசிக்கத் தெம்பில்லை. நாற்காலியில் சாய்ந்தாள். அட்டை கீழே இறங்கியது. ஆனால் கை இறங்கவில்லை. மெல்லத் திரும்பியது. உள்ளங்கை விரிந்தது. விரல்கள் லேசாக மடிந்தபடி, சட்டகத்தின் கீழோரத்தில், அப்படியே நின்றது.

“கூலி கேக்குது பாருங்க” என்றான் பூதக்கண்ணாடி. அவனுக்கும் அந்த விளையாட்டு தெரியும்.

அவன் காட்சியை ஓட்டினான். பயிரின் மேல் காற்று அலை அலையாகப் போனது. மேகத்தின் நிழல் வயலைக் கடந்து குளத்துக்குள் இறங்கியது. எங்கோ ஒரு பறவை இரண்டு முறை கத்தி ஓய்ந்தது. கை நின்றது. வெயில் சாய்ந்தது, நிழல்கள் நீண்டன, பச்சையில் பொன் ஏறியது. கை நின்றது. எந்தக் குழந்தையாலும் அவ்வளவு நேரம் ஆடாமல் கையைத் தூக்கி வைத்திருக்க முடியாது. கடைசியில் அவள் வந்து கேமராவை நிறுத்தும் அந்தச் சின்ன அதிர்வு வரை, கை நின்றது.

“தம்பி, இது அறுவடைக்கு முந்தின வாரம் எடுத்தது.”

“சரி?”

“அப்போ அவளுக்குப் பரீட்சை. நான் மட்டும்தான் போனேன்.”

அவன் சிரிக்க வாயெடுத்து, அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். அடுத்த காட்சியைத் திறந்தான். குளம். அட்டை. கை. அதற்கடுத்தது மண்பாதை. அட்டை. கை. அவன் மூக்கு மெல்ல மெல்லத் திரைக்கு அருகில் போயிற்று.

“ஒரே கை இல்ல அக்கா. இதுல கட்டை விரல் நகம் பிளந்திருக்கு. இதுல இல்ல. இது நீளமான விரல்.”

அட்டையின் மேல் அம்புக்குறியை வைத்து ஒரு சொடுக்கு. மூன்று எண்கள் வந்தன. சிவப்பு, பச்சை, நீலம் மூன்றும் சமம். சாம்பல் என்றால் அப்படித்தான். அடுத்து அம்புக்குறியை விரலின் மேல் வைத்தான். அதே எண்கள்.

“மனுஷத் தோல்னா அதுல கொஞ்சமாவது சிவப்பு இருக்கும்” என்றான் மெதுவாக. “கறுப்போ வெளுப்போ, உள்ள ஓடுறது ரத்தம்தானே. இதுல ஒண்ணுமே இல்ல.”

குளிர்சாதனம் இரைந்துகொண்டிருந்தது. கூலி கேட்ட கை திரையில் விரிந்திருந்தது.

“படத்துக்கு அட்டை வர்ற பகுதி வேணாமே” என்றாள் அவள். “படத்தைப் பெரிசாக்கி, கை வர்ற இடத்தையெல்லாம் ஓரத்துக்கு வெளிய தள்ளிடு. அழிச்சிடு.”

“பாவம், இவ்ளோ நேரம் நின்னிருக்கு” என்றான் அவன். வேடிக்கையாகச் சொல்ல நினைத்திருப்பான். அது வேடிக்கையாக வரவில்லை.

அழித்தார்கள். சட்டகத்தைக் கொஞ்சம் மேலே ஏற்றியதும் கை காணாமல் போனது. நிறங்கள் மட்டும் மிஞ்சின. அவள் வாழ்நாளில் எடுத்த எதிலும் நிறம் அவ்வளவு சரியாக வந்ததில்லை.

*

“பிள்ளைக்கு ரத்தம் கம்மியா இருக்குமோ?” என்றாள் நாத்தனார், அன்று அவள் வீட்டுக்குள் கால் வைத்ததுமே. கணவன் வெளியூர் வேலையில் இருந்ததால் சின்னவளைப் பார்த்துக்கொள்ள வந்து தங்கியிருந்தாள். “உதடு வெளிறிப் போயிருக்கு. ஸ்கூல்ல இருந்து வந்து படுத்ததுதான்.”

“வெயில்ல ஆடியிருப்பா அண்ணி.”

“நீ மட்டும் என்ன, கண்ணாடியில பாத்தியா? துவைச்சுக் காயப்போட்ட மாதிரி இருக்க. ரெண்டு பேரும் சாப்பிட்டுப் படுங்க.”

மருத்துவர் இமையை விலக்கிப் பார்த்தார், நாக்கைப் பார்த்தார், ரத்தம் எடுத்தார். எல்லாம் சரியாகவே இருக்கிறது, சோர்வுதான் என்றார். சின்னவள் பள்ளிக்குப் போகவில்லை. வலி என்று சொல்லவில்லை. படுத்தே கிடந்தாள். உதடு போன வழியில் கன்னம் போனது. கன்னம் போன வழியில் நகங்களுக்கு அடியில் இருந்த இளஞ்சிவப்பு போனது.

நாத்தனார் முதலில் புலம்பினாள், பிறகு வேண்டிக்கொண்டாள். பிறகு பேச்சையே விட்டுவிட்டுப் பிள்ளையின் காலடியில் உட்கார்ந்து பாதங்களைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

“சூடா இருக்கு” என்றாள். “உடம்பு சூடாத்தான் இருக்கு. அப்புறம் ஏன் இப்படி?”

ஒரு பிற்பகல், நாத்தனார் மருந்து வாங்கப் போயிருந்தபோது, அவள் சாம்பல் அட்டையைப் பையிலிருந்து எடுத்தாள். வேண்டாம் என்று நினைத்துக்கொண்டேதான் எடுத்தாள். தூங்கும் மகளின் கன்னத்தருகே அதை வைத்துக் கைபேசியில் ஒரு படம் பிடித்தாள். அதன் திரையில் நிறத்தின் அடர்த்தியைக் கூட்டும் குமிழை விரலால் மெல்லத் தள்ளினாள். தலையணை உறையின் சிவப்பு கொதித்தது. போர்வையின் நீலம் கண்ணைக் குத்தியது. சுவரின் வெளிர்மஞ்சள் தீயாக எரிந்தது. இன்னும் தள்ளினாள். கடைசி வரை தள்ளினாள்.

அத்தனை நிறத்தின் நடுவே அட்டை சாம்பலிலிருந்து அசையவில்லை.

முகமும் அசையவில்லை.

கைபேசியைக் கவிழ்த்து வைத்தாள். பக்கத்து வீட்டில் யாரோ துணி அடித்துத் துவைக்கும் சத்தம் ஒரே சீராகக் கேட்டது. அப்போதுதான் சின்னவளின் வலது கையைக் கவனித்தாள். போர்வைக்கு வெளியே, கட்டில் விளிம்பில், உள்ளங்கை மேலே பார்த்தபடி அது விரிந்திருந்தது. விரல்கள் லேசாக மடிந்திருந்தன.

குனிந்து அந்த உள்ளங்கையில் முத்தம் வைத்தாள்.

கை மூடவில்லை.

மறுபடி வைத்தாள். மூடவில்லை. காத்திருந்தது. இவளுக்காக இல்லை, வேறு யாருக்காகவோ என்பது போல.

வயலில் நின்ற கை நினைவுக்கு வந்தது. வெயில் சாய்ந்து பொன் ஏறும் வரை நின்ற கை. படத்தைப் பெரிதாக்கி அதை வெளியே தள்ளச் சொன்ன தன் குரலும். அவளுக்குப் பயமாகத்தான் இருந்தது. ஆனால் பயத்துக்கு அடியில், பழகிய வேறொன்று தலை தூக்கியது. அது வெட்கம். கேட்டது நான். பிடித்தது அவர்கள். எதுவாகத்தான் இருக்கட்டுமே, நின்று பிடித்தார்கள் அல்லவா?

நாத்தனார் திரும்பி வந்தபோது அவள் முக்காலியைத் தோளில் மாட்டிக்கொண்டிருந்தாள்.

“பிள்ளை இப்படிக் கிடக்குறப்போ படமா?”

“படம் இல்ல அண்ணி. ஒருத்தருக்கு நன்றி சொல்லாம வந்துட்டேன்.”

நாத்தனார் ஏதோ திட்ட வந்தாள். பிறகு அவள் கலைந்த முந்தானையை இழுத்துச் சரிசெய்துவிட்டு, “பஸ்ல தூங்கிடாத. சீக்கிரம் வா” என்று மட்டும் சொன்னாள்.

*

அறுவடை முடிந்து அடுத்த பயிர் இடுப்புயரம் எழும்பியிருந்தது. வெயில் இறங்கும் நேரம். பஸ் போன புழுதி அடங்கியதும் சத்தங்கள் ஒவ்வொன்றாக நின்றன. முதலில் தூரத்து மோட்டார். பிறகு பறவைகள். கடைசியாகக் காற்று. ஈர மண்ணும் இலைச்சாறும் மணக்க வேண்டிய இடத்தில் மூக்குக்கு எதுவும் எட்டவில்லை. கழுவி வைத்த கண்ணாடிக் குவளையை முகர்ந்தது போல இருந்தது.

அவள் பழைய இடத்தில் முக்காலியை நட்டாள். கேமராவை மாட்டினாள். பக்கவாட்டுத் திரையைத் தன் பக்கம் திருப்பி வைத்தாள். சாம்பல் அட்டையை வரப்புக் கல்லின் மேல் வைத்துவிட்டுப் பொத்தானை அழுத்தினாள்.

நீ என்பதா நீங்கள் என்பதா என்று தெரியவில்லை. மரியாதையாகவே கூப்பிட்டாள்.

“கொஞ்சம் பிடிங்களேன்.”

வேண்டுமென்றே முதுகைக் காட்டி நின்றாள். பார்க்காதபோதுதான் வருவார்கள்.

கல்லிலிருந்து அட்டை எடுபடும் ஓசை. நகம் உரசியது போல, அவ்வளவுதான். கால்கள் பஸ் நிறுத்தத்தின் பக்கம் தாமாகவே திரும்பப் பார்த்தன. கட்டில் விளிம்பில் விரிந்து கிடந்த அந்தச் சின்னக் கையை நினைத்துக்கொண்டாள். கடவுளே, கூட இரு.

திரும்பினாள்.

பயிருக்குள்ளிருந்து ஒரு கை அட்டையை லென்ஸுக்கு நேராகப் பிடித்திருந்தது. நேர்த்தியாக. ஆடாமல். கட்டை விரல் நகம் பிளந்திருந்தது. மணிக்கட்டுக்குக் கீழே இலைகள் மூடியிருந்தன. உட்கார்ந்திருக்கும் ஓர் உடம்புக்கு அங்கே இடம் போதாது.

அட்டை இறங்கியது. கை திரும்பியது. விரிந்தது.

அவள் முழங்கால் வலியோடு மண்டியிட்டாள். அந்த உள்ளங்கையில் ரேகைகள் இல்லை. சூடு இல்லை. குளிர்ச்சியும் இல்லை. சுற்றியிருந்த காற்று எவ்வளவோ அவ்வளவு.

“ரொம்ப நன்றிங்க” என்று சொல்லி உதட்டைப் பதித்தாள்.

விரல்கள் மெல்ல மூடின. குழந்தையைப் போல இறுக மூடின. தப்பி ஓடிவிடாமல். பிறகு கை இலைகளுக்குள் இறங்கிப் போனது. ஓர் இலைகூட அசையவில்லை.

பையில் கைபேசி அடித்தது.

“உதடு செவந்துடுச்சும்மா” என்றாள் நாத்தனார். அழுதுகொண்டிருந்தாள். “இப்போதான். என் கண்ணு முன்னாடி. தண்ணி கேட்டா.”

“கன்னம்?”

“கன்னம் அப்படியேதான் இருக்கு. கையும் அப்படியேதான். உதடு மட்டும்.”

“கூடவே இருங்க அண்ணி” என்று சொல்லிக் கைபேசியை வைத்தாள்.

உதடு மட்டும். அது ஏன் என்று கேட்க வேண்டியிருக்கவில்லை. கூலி கொடுத்தது ஒரு கைக்கு மட்டும்தான். பிளந்த நகம், பிளக்காத நகம், நீண்ட விரல்கள் என்று பூதக்கண்ணாடி ஒவ்வொன்றாகக் காட்டியது நினைவிருந்தது. மெல்லத் தலையை உயர்த்தினாள்.

வயல் முழுக்கக் கைகள்.

பயிரின் உயரத்துக்கு, வரிசை வரிசையாக. வரப்பின் இரு பக்கமும். மண்பாதையோரப் புல்லில். குளத்தின் தண்ணீர் விளிம்பில். ஒன்றும் அழைக்கவில்லை, ஒன்றும் அசையவில்லை. எல்லா உள்ளங்கைகளும் மேலே பார்த்து விரிந்திருந்தன. வெயில் வடிய வடிய அவற்றைச் சுற்றியிருந்த பச்சை, நுனியிலிருந்து இலைக்கு, இலையிலிருந்து தண்டுக்கு என்று வடிந்து மண்ணுக்குள் போய்க்கொண்டிருந்தது. யாரும் பார்க்காதபோது இந்த வயல் என்ன நிறத்தில் இருக்கும் என்பதை அவள் அப்போது பார்த்தாள்.

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. பக்கவாட்டுத் திரையில் ஒரு பெண் மண்டியிட்டிருந்தாள். சேலை நீலம். நெற்றி பழுப்பு. உதடுகள் சாம்பல்.

அவள் கை நீட்டிக் கேமராவை அணைத்தாள். இதை யாரும் பார்க்க வேண்டியதில்லை.

பக்கத்துக் கை காத்திருந்தது. நீண்ட விரல்கள்.

“ரொம்ப நன்றிங்க” என்றாள். குனிந்தாள்.

விரல்கள் மூடின.

அடுத்த கைக்கு முழங்காலாலேயே நகர்ந்தாள்.